மாதம் இவ்வளவுதான்

அந்த ஷோரூமில் வாயில் வரக்கூடாத சொல் ஒன்று இருந்தது. கெட்ட வார்த்தை இல்லை. ‘மொத்தம்.’ வாடிக்கையாளர் காதுபட எந்த விற்பனையாளர் அதைச் சொன்னாலும் அன்று எல்லோருக்கும் டீ அவர் செலவு. இந்தச் சட்டத்தைப் போட்டவர் முதலாளி இல்லை, தவணையார்தான்.

தவணையார் என்பது உடன் வேலை செய்கிறவர்கள் வைத்த பெயர். ஃபிரிட்ஜ், கட்டில், வாஷிங் மெஷின், சோபா என்று எதை விற்றாலும் தவணையில்தான் விற்பார். ரொக்கத்துக்கு விற்றால் அவருக்கு ஊக்கத்தொகை கிடையாது என்பது ஒரு காரணம். இன்னொரு காரணம், ரொக்கமாக வாங்க வந்தவரைத் தவணைக்கு மாற்றி அனுப்புவதில் அவருக்கு ஒரு சந்தோஷம். சும்மா வேடிக்கை பார்க்க வந்தவர்கள் இரண்டு கதவு ஃபிரிட்ஜோடு வீடு போய்ச் சேர்ந்திருக்கிறார்கள்.

“மொத்தம் எவ்வளவுங்க வரும்?” என்று யாராவது கேட்டால் அவர் பதறமாட்டார். சிரிப்பார். “மாசம் இவ்வளவுதான் சார். ஒரு நாளைக்குக் கணக்கு போட்டுப் பாருங்க, ரெண்டு டீ காசு. உங்களுக்கு பாரமே தெரியாது,” என்பார். பேசிக்கொண்டே ஃபிரிட்ஜின் கதவைத் திறந்துவிடுவார். உள்ளே விளக்கு எரியும், குளிர் முகத்தில் படும். கேட்டவருக்குத் தான் என்ன கேட்டோம் என்பதே மறந்துவிடும்.

இப்படிப்பட்ட மனிதர் ஒரு வெள்ளிக்கிழமை மதியம் கடையில் அரை நாள் விடுப்புச் சொல்லிவிட்டு, புதிதாக வாங்கிய தோல் பையோடும் ஒரு இனிப்புப் பெட்டியோடும் வங்கிக்குப் போனார். பை, வீட்டுப் பத்திரத்தை வாங்கி வைக்க. இனிப்பு, அதை எடுத்துத் தருகிற அதிகாரிக்கு. பதினைந்து வருஷக் கடன் அந்த மாதத் தவணையோடு முடிந்துவிட்டது என்பது அவர் கணக்கு.

அவருக்கு மட்டும் இல்லை, அவர் மனைவிக்கும் அதே கணக்குதான். அன்று அவளுக்கு வேலையில் கடைசி நாள். பெரிய மருத்துவமனை ஒன்றின் சலவைக் கூடத்தில் இஸ்திரி உருளை முன்னால் நின்று, ஈர விரிப்புகளை உள்ளே கொடுத்து வாங்குகிற வேலை. காலை முதல் மாலை வரை நின்றுகொண்டேதான் செய்ய வேண்டும். கெண்டைக்காலில் நரம்புகள் சுருண்டு நீலமாகப் புடைத்திருந்தன. டாக்டர் இறுக்கமான நீளக் காலுறை போடச் சொல்லி, “இனிமே நிக்கிற வேலை வேண்டாம்மா” என்று மூன்று முறை சொல்லிவிட்டார். மூன்று முறையும் அவள் ஒரே பதிலைத்தான் சொன்னாள். “கடன் முடியட்டும் டாக்டர்.”

சாயங்காலம் டீ நேரத்தில் சலவைக் கூடத்துப் பெண்கள் அவளை வழியனுப்புவதாக ஏற்பாடு. “பத்திரத்தோட நேரா அங்க வந்துடறேன். எல்லார் முன்னாடியும் உன் கையில குடுக்கறேன்,” என்று காலையில் தவணையார் சொல்லியிருந்தார். அவள் அதைக் கூடம் முழுக்கச் சொல்லியிருப்பாள் என்றும் அவருக்குத் தெரியும். தெரிந்துதான் சொன்னார். கொஞ்சம் ஜம்பம் பிடித்த மனிதர்.

வங்கியில் எதிரே உட்கார்ந்திருந்த அதிகாரி சின்ன வயசுப் பெண். மகள் வயசுகூட இருக்காது. இனிப்புப் பெட்டியை வாங்கி ஓரமாக வைத்துவிட்டுக் கடன் எண்ணைத் தட்டினாள். தட்டிவிட்டுத் திரையை இன்னொரு முறை பார்த்தாள்.

“சார், இதுல இன்னும் ஆறரை வருஷம் இருக்கே.”

“இருக்காதும்மா. வேற யாரோடதையோ பாக்கறீங்க. ஒரு தவணை தவறினதில்லை நான்.”

“தவறலை சார். அதெல்லாம் கரெக்டா வந்திருக்கு. ஆனா வட்டி ஏறியிருக்கு. நீங்க கடன் வாங்கின அடுத்த வருஷமே ஏறிடுச்சு.”

“ஏறினா தவணை ஏறணுமே? எனக்கு ஒரு பைசா ஏறலையே!” தவணையார் இதைச் சொல்லும்போது குரலில் பெருமைகூட இருந்தது. வட்டி ஏறுகிறது என்று ஊரே புலம்பிய நாட்களில், ‘தங்கள் தவணைத் தொகையில் மாற்றமில்லை’ என்று வங்கியிலிருந்து வந்த செய்தியைக் கடையில் எல்லோருக்கும் காட்டியவர் அவர். ‘கஸ்டமரை எப்படி வெச்சுக்கணும்னு இவங்களைப் பாத்துக் கத்துக்கங்கடா’ என்றவரும் அவரே.

“தவணையை ஏத்தினா உங்களுக்குக் கஷ்டமா இருக்கும்னு வருஷத்தை நீட்டியிருக்காங்க சார். மாசம் உங்களுக்கு ஒரு பாரமும் தெரியலை இல்லையா?”

தவணையார் அவள் முகத்தைப் பார்த்தார். கிண்டல் ஏதும் இல்லை. நல்ல பெண்தான். அவருடைய சொந்த வசனத்தை அவருக்கே விற்கிறோம் என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

“வட்டி நடுவுல இறங்கலையா?”

“புதுசா வாங்கறவங்களுக்கு இறங்கிச்சு. பழைய கடனுக்கு நீங்க வந்து கேட்டு மாத்திக்கணும். நீங்க வரலையே சார்.”

வரவில்லைதான். மாதம் பதினாலாயிரத்து முந்நூற்றுச் சொச்சம் கணக்கிலிருந்து தானாகப் போய்க்கொண்டிருந்தது. அது போவதே தெரியாமல் இருப்பதைப் பெரிய சௌகரியம் என்று நினைத்துக்கொண்டிருந்தார். அவள் திரையை அவர் பக்கம் திருப்பினாள். வாங்கியது பதினைந்து லட்சம். இதுவரை கட்டியது இருபத்தைந்து லட்சத்து எண்பதாயிரம். அசலில் இன்னும் எட்டு லட்சம் அப்படியே உட்கார்ந்திருந்தது. வாங்கியதில் பாதிக்கு மேல்.

“இது எப்படிம்மா?” என்றார். விற்பனையாளர் குரல் எங்கோ போய்விட்டிருந்தது. தவணை அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு கடை வாசலில் நிற்பவர்களின் குரல் அது.

“ஆரம்ப வருஷத்துல நீங்க கட்டறது பெரும்பாலும் வட்டிக்கே போயிடும் சார். பதினாலாயிரம் கட்டினா அசலுக்கு ஆயிரத்து சொச்சம்தான் போகும். அதனாலதான் முதல்லயே கொஞ்சம் சேத்துக் கட்டிட்டா நல்லதுன்னு சொல்வோம்.”

சேர்த்துக் கட்டுவது. கேட்காமலே இருந்திருக்கலாம். கேட்டார். “மூணாம் வருஷம் ஒரு லட்சம் கட்டியிருந்தா என்ன ஆயிருக்கும்?”

அவள் தட்டினாள். “மூணு வருஷத்துக்கு மேல குறைஞ்சிருக்கும் சார். அஞ்சு லட்சத்துக்கு மேல மிச்சம்.”

அந்த ஒரு லட்சம் இருந்தது. மனைவி முன்பு வேலை பார்த்த ஆலையை மூடியபோது கணக்கு முடித்துக் கொடுத்த பணம். “இதைக் கடன்ல போட்டுடலாமாங்க?” என்று அவள் கொண்டுவந்து வைத்தாள். அவர் சிரித்தார். “யானைப் பசிக்குச் சோளப்பொரியா? பேசாம இரு. வீட்டுக் கடன் மாதிரி மலிவான கடன் உலகத்துலயே கிடையாது. எறும்பு ஊரக் கல்லும் தேயும், மாசாமாசம் கட்டினா தானா தீரும்.” அந்த லட்சம் கார் வாங்க முன்பணமாகப் போனது. எறும்பு ஊர்ந்துகொண்டுதான் இருந்தது. கல்லும் இருந்தது.

“சார், இனிப்பு…” என்று அதிகாரி பெட்டியைத் தயக்கத்தோடு எடுத்து நீட்டினாள். திருப்பி வாங்குவதா, வைத்துவிட்டுப் போவதா என்று தெரியாமல் தவணையார் அதை வாங்கிப் பையில் போட்டுக்கொண்டார். பத்திரம் வைக்க வேண்டிய பையில் இனிப்புப் பெட்டி கோணலாகக் கிடந்தது.

காரில் ஏறி உட்கார்ந்தும் சாவியைத் திருகவில்லை. அவருக்கு வயது ஐம்பத்து நான்கு. ஷோரூமில் அறுபதுக்கு மேல் யாரையும் வைத்துக்கொள்ளமாட்டார்கள். அவளுடைய சம்பளம் இல்லாமல் இவருடைய சம்பளத்தில் தவணை கட்டினால் வீட்டில் அடுப்பு எரிவது சிரமம். அவள் இன்று கையெழுத்துப் போட்டுவிட்டால் திங்கட்கிழமை அவள் இடத்துக்கு வேறொரு பெண் வந்துவிடுவாள். வேலை போனது போனதுதான். இதெல்லாம் அவருக்கு நன்றாக விளங்கியது. ஆனால் அவரைச் சுட்டது இது எதுவும் இல்லை.

கடன் வாங்கிய நாள்தான் சுட்டது. இதே வங்கி. அன்று அந்த நாற்காலியில் கண்ணாடி போட்ட ஒரு அதிகாரி. எல்லாம் பேசி முடித்து இவர் கையெழுத்துப் போடப் போகும்போது, அதுவரை வாயே திறக்காமல் இருந்த மனைவி கேட்டாள். “கடைசியில மொத்தமா எவ்வளவு கட்டியிருப்போம் சார்?” நல்ல சத்தமாகவே கேட்டாள். அதிகாரி கால்குலேட்டரைக்கூட எடுத்துவிட்டார். தவணையாருக்குத்தான் பொறுக்கவில்லை. தொழில் தெரிந்த தன் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு மனைவி பட்டிக்காட்டுத்தனமாக மொத்தம் கேட்கிறாளே என்று கூசியது. “நீ சும்மா இரு. தெரியாத விஷயத்துல வாயைக் குடுக்காதே. எழுதுங்க சார், மாசத் தவணை எவ்வளவுன்னு எனக்குத் தெரியும்,” என்றார். அதிகாரி கால்குலேட்டரை மூடிவைத்தார். மனைவியின் முகம் சிவந்து தணிந்தது. அதற்குப் பிறகு அவள் எந்தக் கணக்கும் கேட்டதில்லை.

அன்று கூசியது ஒரு கூச்சமா! இப்போது காருக்குள் தனியாக இருக்கும்போதே முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டார்.

வண்டியைக் கிளப்பியதும் மூளை பழைய வேலையைப் பார்க்க ஆரம்பித்தது. பத்திரம் தலைமை அலுவலகத்திலிருந்து வர வேண்டும் என்று சொல்லலாம். பெரிய அதிகாரி விடுப்பு என்று சொல்லலாம். இன்றைக்கு அவள் சந்தோஷமாக வீட்டுக்கு வரட்டும், பிறகு பார்த்துக்கொள்ளலாம். வாயுள்ள பிள்ளை பிழைக்கும். மருத்துவமனைக்குப் போய்ச் சேருவதற்குள் பொய் நன்றாகத் தயாராகிவிட்டது.

சலவைக் கூடத்தில் நீராவி முகத்தில் அடித்தது. உருளைகளை ஓடவிட்டு வைத்திருந்தார்கள், டீ நேரம் முடிந்ததும் வேலை தொடர வேண்டும். மடிப்பு மேஜையை ஒதுக்கி நடுவில் ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள். அதைப் பார்த்ததும் தவணையார் நின்றுவிட்டார்.

அவர் விற்ற நாற்காலி.

இரண்டு வாரத்துக்கு முன்னால் இந்தப் பெண்களில் மூன்று பேர் கடைக்கு வந்திருந்தார்கள். எல்லோரிலும் மூத்தவள், மடிப்பு மேஜைக்காரி, முந்தானையில் முடிந்து கொண்டுவந்த ஒன்பதாயிரத்தை எண்ணிக் காட்டினாள். “தம்பி, உங்க வீட்டுக்காரம்மாவுக்குத்தான். அவங்ககிட்ட சொல்லிடாதீங்க. அந்தக் காலை நீட்டி உக்காரட்டும்.” அந்தப் பணத்துக்கு நல்ல சாதாரண நாற்காலி ஒன்று, கையும் மெத்தையும் வைத்தது, கடையிலேயே இருந்தது. தவணையார் அவர்களை அதைத் தாண்டி அழைத்துப் போனார். பக்கத்திலிருக்கும் பிடியை இழுத்தால் கால் வைக்கும் பலகை தானாக மேலே எழும் நாற்காலியில் மூத்தவளை உட்காரவைத்துப் பிடியை இழுத்தார். அவள் கால் இரண்டும் மேலே போயின. மூன்று பேரும் குழந்தைகள் மாதிரி சிரித்தார்கள். “இது மொத்தம் எவ்வளவு தம்பி வரும்?” என்று அவள் படுத்தபடியே கேட்டாள். “அக்கா, ஒன்பதாயிரம் முன்பணமா இருக்கட்டும். மீதிக்கு மாசம் ஆயிரத்து அறுநூத்தம்பதுதான். நீங்க எத்தனை பேர்? எட்டா? ஆளுக்கு இருநூறு சொச்சம். பாரமே தெரியாது.” இன்னொரு முறை பிடியை இழுத்தார்.

தன் மனைவிக்கான பரிசு என்று தெரிந்தே செய்தார். அந்த மாத ஊக்கத்தொகையில் அதுவும் சேர்ந்திருந்தது.

இப்போது அந்த நாற்காலியில் அவர் மனைவி காலை நீட்டிச் சாய்ந்திருந்தாள். மாநிறக் காலுறை முழங்கால் வரை தெரிந்தது. அந்தக் கூடத்தில் அவள் உட்கார்ந்து அவர் பார்த்ததே இல்லை. சுவரில் இருந்த ஆணியில் அவளுடைய ஏப்ரன், துவைத்துத் தேய்த்து, அடுத்து வருகிறவளுக்காகத் தொங்கியது.

“வந்துட்டாருடி! பையைப் பாரு, புதுப் பை!” என்று யாரோ கத்தினார்கள். கை தட்டினார்கள்.

“பத்திரம் எங்கண்ணே? கண்ணுல காட்டுங்க.”

தவணையார் சிரித்தார். அந்தச் சிரிப்பு அவருக்குத் தானாகவே வரும். “தலைமை ஆபீஸ்லேர்ந்து வரணுமாம். அடுத்த வாரம் ஆகும். இந்தாங்க, முதல்ல இனிப்பு சாப்பிடுங்க.” வங்கி திருப்பித் தந்த பெட்டியை எடுத்து நீட்டினார்.

“பதினஞ்சு வருஷம் இருந்தாச்சு, ஒரு வாரம் இருக்கமாட்டோமா?” என்று மனைவி சிரித்தாள். ஒரு இனிப்பை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். மேற்பார்வையாளர் அம்மாள் ஒரு அட்டையில் தாளை வைத்துப் பேனாவோடு கொடுத்தார். “இதுல ஒரு கையெழுத்து போட்டுடும்மா. திங்கக்கிழமை புதுப் பொண்ணு வருது.”

அவள் பேனாவைத் திறந்தாள். நாற்காலியை விட்டு எழவில்லை, சாய்ந்தபடியே தாளை மடியில் வைத்துக்கொண்டாள். முகத்தில் இருந்த நிம்மதியைப் பார்த்த தவணையாருக்கு இன்னும் ஒரு நிமிஷம் பேசாமல் இருந்துவிடலாம் என்றுதான் இருந்தது. அந்த ஒரு நிமிஷம்தான் எல்லாம்.

“போடாதே,” என்றார்.

அவள் நிமிர்ந்தாள்.

“கையெழுத்து போடாதேம்மா. கொஞ்சம் வெளிய வா, சொல்றேன்.”

“என்னங்க ஆச்சு?”

“வெளிய வாயேன்.”

“இங்கயே சொல்லுங்க. கால் நீட்டி இப்பதான் உக்காந்தேன்.”

தவணையார் குனிந்து அவள் காதருகே போய் முணுமுணுத்தார். கடன் முடியவில்லை, வட்டி ஏறியது, வருஷத்தை நீட்டிவிட்டார்கள், ஆறரை வருஷம். அவள் முகத்தில் இருந்த சிரிப்பு உடனே போகவில்லை. கேட்கக் கேட்க மெல்ல மெல்லத்தான் போனது. பக்கத்தில் நின்றவர்கள் இனிப்பைக் கையில் வைத்துக்கொண்டு ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

“மொத்தம் எவ்வளவு?” என்றாள்.

“மாசம் அதே தவணைதான், அதுல ஒண்ணும்…”

“மாசம் கேக்கலை. மொத்தம் கேட்டேன். கடைசியில எவ்வளவு கட்டியிருப்போம்?”

அவர் மறுபடி காதருகே குனிந்தார். அவள் தலையை விலக்கிக்கொண்டாள்.

“சத்தமா சொல்லுங்க. அன்னைக்கு நான் சத்தமாத்தான் கேட்டேன்.”

அப்படியானால் மறக்கவில்லை. பதினைந்து வருஷமும் மறக்கவில்லை. தவணையார் நிமிர்ந்து நின்றார். இருபது வருஷமாக வாயால் பிழைத்தவருக்கு அந்த எண்ணைச் சொல்ல இரண்டு முறை தொண்டையைச் செரும வேண்டியிருந்தது.

“முப்பத்தேழு லட்சம்.”

“வாங்கினது?”

“பதினஞ்சு.”

கூட்டத்தில் ஒருத்தி “அடியம்மா” என்றாள். மனைவி தாளை மடியில் வைத்துக்கொண்டு எதிரே ஓடிக்கொண்டிருந்த உருளையைப் பார்த்தாள். அழுவாள் என்று அவர் நினைத்தார். திட்டுவாள் என்று நினைத்தார், திட்டினால் நன்றாக இருக்கும் என்றுகூட நினைத்தார். அவள் பேனாவை மூடினாள்.

அப்போதுதான் மடிப்பு மேஜைக்காரி மெதுவாகக் கேட்டாள். குரலில் கோபம் துளிகூட இல்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

“அப்போ இந்த நாற்காலிக்கு மொத்தம் எவ்வளவு தம்பி?”

வீட்டின் மொத்தத்தைச் சொன்னது இவ்வளவு கஷ்டமாக இல்லை. அந்த எட்டுப் பெண்களும் அவர் வாயையே பார்த்தார்கள். மனைவியும் பார்த்தாள். அவளுக்கு இப்போதுதான் இந்த நாற்காலி எங்கிருந்து வந்தது என்றே விளங்குகிறது என்பது அவள் கண்ணில் தெரிந்தது.

“முப்பத்தெட்டாயிரத்து எழுநூறு,” என்றார்.

“கடையில என்ன விலை?”

“இருபத்தெட்டு.”

“நாங்க ஒன்பதாயிரத்தோடதானே வந்தோம்,” என்றாள் மூத்தவள். “அந்தக் காசுக்கு நாற்காலி இருந்துச்சா?”

“இருந்துச்சுக்கா.”

அவள் தலையாட்டிக்கொண்டாள். கையில் இருந்த இனிப்பைக் கடிக்காமலே பெட்டியில் திரும்ப வைத்தாள். பார்த்துவிட்டு இன்னும் இரண்டு பேர் வைத்தார்கள்.

மனைவி பிடியைத் தேடித் தடவி இழுத்தாள். கால்பலகை இறங்கியது. இரண்டு கையையும் ஊன்றி எழுந்தாள். தாளை மேற்பார்வையாளர் அம்மாளிடம் கொடுத்து, “அந்தப் புதுப் பொண்ணை மடிப்புல போட்டுக்க முடியுமாம்மா? நான் போகலை,” என்றாள். அந்த அம்மாள் ஏதும் கேட்காமல் தாளை நாலாக மடித்தார். மனைவி ஆணியிலிருந்து ஏப்ரனை எடுத்து, தேய்த்த மடிப்பு கலைய உதறிக் கட்டிக்கொண்டாள்.

“ஏம்மா…” என்றார் தவணையார். காரை விற்றுவிடலாம், வட்டியைக் குறைக்கச் சொல்லி நாளைக்கே எழுதிக் கொடுக்கலாம், நான் ராத்திரி வேலை ஏதாவது பார்க்கிறேன் என்றெல்லாம் சொல்ல இருந்தது. எல்லாம் செய்ய வேண்டியதுதான், செய்யவும் செய்வார். ஆனால் இப்போது எதைச் சொன்னாலும் அது ஃபிரிட்ஜ் கதவைத் திறந்து காட்டுவது போலத்தான் இருக்கும்.

“ஷிஃப்ட் முடிய நேரம் இருக்கு,” என்றாள் அவள், அவர் பக்கம் திரும்பாமலே. “இருந்து கூட்டிட்டுப் போங்க.”

மற்றவர்களும் அவரவர் இடத்துக்குப் போனார்கள். ஈர விரிப்பின் இரண்டு முனையையும் அவள் பிடித்து உருளைக்குள் கொடுத்தாள், நீராவி சீறியது. தவணையார் தோல் பையைப் பிடித்துக்கொண்டு சுவரோரம் நின்றார். கூடத்தின் நடுவே நாற்காலி காலியாகத்தான் இருந்தது. யாரும் அவரை உட்காரச் சொல்லவில்லை. அவரும் உட்காரவில்லை.